அடுப்புக்குள் காணாமல் போன இனிப்பு

மருத்துவப் பரிசோதனை நடந்த மூன்றாம் நாள், நர்ஸ் ஜாஸ்மின் கேன்டீனுக்கு ஆளனுப்பி, தலைமைச் சமையல்காரர் வானமாமலையைத் தனியாக வரச் சொன்னாள். சாம்பார் இறக்கியாகிவிட்டது. அப்பளம் மட்டும்தான் பாக்கி. காய் நறுக்கும் மாரியிடம் எண்ணெய்ச் சட்டியைப் பார்த்துக்கொள்ளச் சொல்லிவிட்டு, துண்டில் கையைத் துடைத்தபடி அவர் முதலுதவி அறைக்குப் போனார்.

ஜாஸ்மின் ஒரு தாளை அவர் பக்கம் திருப்பி வைத்தாள்.

"வெறும் வயித்துல நூத்தி எண்பத்தாறு மாஸ்டர். சாப்பிட்டதுக்கப்புறம் இருநூத்தித் தொண்ணூறு. சுகர் உங்களுக்கு இப்ப வந்தது இல்ல. வந்து ரொம்ப நாளாயிருக்கும்."

வானமாமலைக்கு நாற்பத்தேழு வயது. நாங்குநேரிக்காரர். கல்யாண வீடுகளில் தொடங்கி, மெஸ்களில் நின்று, கடைசியாக ஸ்ரீபெரும்புதூரிலிருந்து வல்லக்கோட்டை போகும் வழியிலிருந்த இந்தத் தொழிற்சாலைக்கு வந்து நான்கு வருடமாகிறது. கார்களுக்குள் ஓடும் ஒயர்களைக் கட்டுக்கட்டாகச் சேர்க்கிற கம்பெனி. மூன்று ஷிப்டிலும் சேர்த்து எழுநூறு பேர் அவர் கையால் சாப்பிட்டார்கள்.

"அது எப்படி சிஸ்டர் வரும்? நான் உக்காந்து தின்னதே கிடையாதே. நாள் பூரா நின்னுக்கிட்டுல்லா இருக்கேன்."

"ருசி பாக்கறதே இல்லியா நீங்க?"

இருபத்திரண்டு வருடமாகக் கேசரியில் ஒரு விரல், பாயசத்தில் ஒரு கரண்டி, பாகில் ஒரு சொட்டு என்று நாக்கில் விட்டுத்தான் அவர் எதையும் இறக்கியிருக்கிறார். அதைச் சாப்பாட்டுக் கணக்கில் அவர் சேர்த்ததே இல்லை.

வெள்ளிக்கிழமை வந்த டாக்டர் மாத்திரை எழுதிக் கொடுத்து, இனிப்பை வாயில் வைக்கக் கூடாது என்றார். வேறொருவர் பயந்து போயிருப்பார். வானமாமலை கேள்வி கேட்டார். தின்ற சீனி ரத்தத்துக்குப் போக எவ்வளவு நேரம் ஆகும்? பழத்தில் இருக்கும் இனிப்பும் சீனி டப்பாவில் இருக்கும் இனிப்பும் ஒன்றேதானா? வாயில் வைத்துத் துப்பிவிட்டாலும் ஏறுமா? டாக்டருக்கு வெளியே இன்னும் ஒன்பது பேர் காத்திருந்தார்கள். அதனால் கேள்விகள் எல்லாம் ஜாஸ்மினிடம் வந்து சேர்ந்தன. அவள் மண்ணூர்க்காரி. முப்பது வயது. ஒயர் கிழித்த விரலுக்குக் கட்டுப் போடுவதும் தலைவலிக்கு மாத்திரை கொடுப்பதுமாகவே அவள் பகல்கள் போய்க்கொண்டிருந்தன. டீ நேரத்தில் இந்த மனிதர் ஒரு கேள்வியோடு வந்து நிற்பது அவளுக்குப் பிடித்துப்போயிற்று. சிலவற்றுக்கு அவளுக்கே விடை தெரியவில்லை. பழைய பாடப் புத்தகத்தை வீட்டுப் பரணிலிருந்து இறக்கினாள்.

மாதத்தின் முதல் வெள்ளிக்கிழமை பாயசம் போடும் நாள். அந்த மாதம் ருசி பார்க்கும் வேலையை மாரியிடம் விட்டார். மாரி வல்லக்கோட்டைக்காரி, கையில் கத்தி இருந்தால் ஒரு மூட்டை வெங்காயத்தையும் பேசிக்கொண்டே முடித்துவிடுவாள். ஆனால் இனிப்பென்றால் அவளுக்குத் தொண்டை எரிய வேண்டும். "பத்தல மாஸ்டரு, இன்னும் போடு" என்று மூன்று தடவை சொன்னாள். மறுநாள் புகார்ப் பெட்டியில், பாயசம் குடித்த கை லைனில் ஒயரோடு ஒட்டிக்கொள்கிறது என்று எழுதிப் போட்டிருந்தார்கள்.

அந்தச் சீட்டை எடுத்துக்கொண்டு அவர் முதலுதவி அறைக்குப் போனபோது, ஜாஸ்மின் தன் மேசை இழுப்பறையிலிருந்து ஒரு சின்ன டப்பாவை எடுத்தாள். மேலே அழுத்தினால் கீழே ஒரு மாத்திரை விழுந்தது. கொத்தமல்லி விதையைவிடக் கொஞ்சம் பெரிது. அவர் கையிலிருந்த சர்க்கரையில்லாத டீயில் ஒன்றைப் போட்டுக் கலக்கிக் கொடுத்தாள்.

வானமாமலை ஒரு வாய் குடித்தார். டம்ளரை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தார். இன்னொரு வாய் குடித்தார்.

"இத்தனூண்டா இவ்வளவு இனிக்கி?"

"ஆமா. ஆனா இது சர்க்கரை இல்ல. நாக்குக்கு மட்டும்தான் இனிப்பு. ரத்தத்துல ஏறாது."

"இதப் போட்டு ஒரு பலகாரம் செஞ்சா எப்படி இருக்கும் சிஸ்டர்?"

ஜாஸ்மின் யோசித்தாள். "தெரியலையே மாஸ்டர்."

அந்தப் பதில் அவருக்கு டீயைவிட இனித்தது. பெரிய படிப்புப் படித்தவர்களுக்கே தெரியாத ஒன்று தன் அடுப்படியில் இருக்கிறது என்று நினைத்தபோது அவருக்குக் கால் தரையில் நிற்கவில்லை.

என்ன செய்வது என்பதும் அவருக்கு ஏற்கெனவே தெரியும். இரண்டு வருடத்துக்கு முன் மெஷின் பொருத்த வந்த ஜப்பான்காரர்கள் ஏழு மாதம் விருந்தினர் விடுதியில் தங்கினார்கள். போகும்போது இடுப்புயர மின்சார அடுப்பு ஒன்றை விட்டுப்போனார்கள். கண்ணாடிக் கதவும் உள்ளே இரண்டு தட்டுமாக அது கேன்டீன் ஸ்டோரில் அரிசி மூட்டைக்குப் பக்கத்தில் நின்றது. அதனோடு வந்த சமையல் புத்தகத்தில் ஒரு படம். வெள்ளைக் கிண்ணத்தில் அடியில் ஏதோ பழம், மேலே மேகம் மாதிரி உப்பி, உச்சியில் மட்டும் பொன்னிறம். எழுத்து ஒன்றும் புரியாது. 180, 25 என்ற இரண்டு எண்கள்தான் புரிந்தன. ஸ்டோருக்குப் போகும்போதெல்லாம் அவர் அந்தப் பக்கத்தைப் பார்த்துவிட்டு வருவார்.

ஜாஸ்மின் படத்தைப் பார்த்ததும் கண்டுபிடித்துவிட்டாள். "இது முட்டை வெள்ளை மாஸ்டர். நுரை வர வரைக்கும் அடிச்சுப் போட்டிருக்காங்க. கிறிஸ்மஸுக்கு நாங்க கேக்குக்கு மாவு கலந்து ஸ்ரீபெரும்புதூர் பேக்கரில குடுத்து வேக வச்சுக்கினு வருவோம். முட்டை அடிக்கிற வேலை எப்பவும் என்னுதுதான்."

"அப்ப நூத்தி எண்பது?"

"சூடு. இருபத்தஞ்சு நிமிஷம்."

சனிக்கிழமை மதியம், கூட்டம் கலைந்து மூன்று மணியானபோது தொடங்கினார்கள். கொய்யாவை விதை நீக்கிச் சின்னத் துண்டுகளாக்கி அரைவேக்காடாக வதக்கித் தட்டில் பரப்பினார் வானமாமலை. ஜாஸ்மின் பன்னிரண்டு முட்டையின் வெள்ளையைத் தனியாக எடுத்து, அகலப் பாத்திரத்தில் மோர் மத்தால் அடித்தாள். கை வலித்தபோது மாரி வாங்கி அடித்தாள். மாத்திரைகளைப் பொடித்து நுரையில் கலந்தார்கள். பாலில் கரைத்த இரண்டு கரண்டி மைதாவையும் சேர்த்துப் பழத்தின் மேல் ஊற்றிக் கதவை மூடினார்கள்.

மூவரும் கண்ணாடிக்கு முன் குந்தி உட்கார்ந்து பார்த்தார்கள். பத்தாவது நிமிடத்தில் ஓரம் அசைந்தது. பதினைந்தில் நடுவும் எழும்பியது.

"மூச்சு வுடுற மாதிரி கீது" என்றாள் மாரி.

வெளியே எடுத்தபோது நான்கு விரல் உயரம் நின்றது. நிறம்தான் சுண்ணாம்படித்த சுவர் மாதிரி வெளுத்திருந்தது. வானமாமலை கரண்டியால் ஓரத்தில் எடுத்து ஊதி வாயில் போட்டார். முகம் மாறவில்லை. இன்னொரு கரண்டி எடுத்தார். பிறகு கரண்டியை ஜாஸ்மினிடம் கொடுத்தார்.

இனிப்பே இல்லை. கொய்யாவின் இனிப்பு கொஞ்சம் அடியில் கிடந்தது. அதற்கு மேல் வெறும் வெந்த முட்டை.

"உப்பு மொளகு போட்டிருந்தா நல்லா இருந்திருக்கும்" என்றாள் மாரி.

"சிஸ்டர், மாத்திரை போட்டோமா?"

"இருபது போட்டோம். நான்தானே பொடிச்சேன்."

பொடித்த கிண்ணத்தின் அடியில் ஒட்டியிருந்த தூசியை அவர் விரலால் தொட்டு நக்கினார். நாக்கு கூசும் அளவுக்கு இனித்தது. அப்படியானால் உள்ளே போன இனிப்பு எங்கே?

ஞாயிறு முழுவதும் அதே நினைப்பு. முடி வெட்டப் போன இடத்தில்கூட, சீனி கருகினால் கசக்கும், கசக்கவும் இல்லையே, ஆவியாகப் போயிருந்தால் வாசனையாவது வந்திருக்குமே என்று அவர் கடைக்காரனிடம் கேட்டுக்கொண்டிருந்தார். திங்கள் காலையில் இன்னொரு தட்டு செய்தார். இந்தத் தடவை முப்பது மாத்திரை, மாரி சாட்சியாக வாய்விட்டு எண்ணினாள். வந்தது அதே வெந்த முட்டைதான்.

முட்டைதான் இனிப்பைத் தின்கிறதா, கொய்யாவா, சூடா? மூன்றும் ஒன்றாக இருக்கிறவரை தெரியாது என்று அவருக்குத் தோன்றியது. இரண்டு எவர்சில்வர் டம்ளரில் ஒரே அளவு தண்ணீர் எடுத்து, ஒவ்வொன்றிலும் மூன்று மாத்திரை போட்டுக் கரைத்தார். ஒன்றை மேடையிலேயே வைத்தார். மற்றதை அடுப்புக்குள் வைத்து, அதே சூட்டில் இரண்டு மடங்கு நேரம் விட்டார். கொதித்து வற்றியதற்குச் சரியாகத் தண்ணீர் விட்டு, ஆறவைத்து, எது எது என்று சொல்லாமல் மாரியிடம் நீட்டினார்.

முதல் டம்ளரைக் குடித்ததும் அவள், "நல்லா கீது" என்றாள். இரண்டாவதைக் குடித்துவிட்டு முகத்தைச் சுளித்தாள். "இது டம்ளரு கழுவுன தண்ணியா மாஸ்டரு? லேசா இனிக்குற மாதிரி கீது, இல்லாத மாதிரியும் கீது."

அவள் சுளித்தது அடுப்புக்குள் போய்வந்த டம்ளர். வானமாமலை இரண்டையும் ஒவ்வொரு கையில் பிடித்துக்கொண்டு தொழிற்சாலை வளாகத்தின் குறுக்கே முதலுதவி அறைக்கு நடந்தார். செக்யூரிட்டி நின்று பார்த்தான். ஜாஸ்மின் இரண்டையும் ருசி பார்த்துவிட்டு, சட்டென்று டப்பாவை எடுத்து ஜன்னலோரம் கொண்டுபோனாள். எறும்பு வரிசை மாதிரி பொடி எழுத்தில் இங்கிலீஷ். கண்ணைச் சுருக்கிப் படித்தாள். பிறகு நெற்றியில் அடித்துக்கொண்டாள்.

"போட்டிருக்கான் மாஸ்டர். சமைக்கிறதுக்கு இல்ல, அடுப்புல இருந்து இறக்கினதுக்கப்புறம் சேக்கணுமாம். ரொம்ப நேரம் சூட்டுல இருந்தா இனிப்பு போயிடுமாம்."

அவளுக்குக் கொஞ்சம் வெட்கமாக இருந்தது. அவருக்கோ சந்தோஷம் தாங்கவில்லை. "பாத்தியளா சிஸ்டர், அந்த டப்பாக்காரனும் ரெண்டு டம்ளர் வச்சுப் பாத்திருப்பான் போல."

அதற்கப்புறம் வேலை சுலபமாகவில்லை, ஆனால் வழி தெரிந்துவிட்டது. இனிப்பில்லாமல் வேகவிட்டு, வெளியே எடுத்த பிறகு, மாத்திரைப் பொடியையும் பட்டைப் பொடியையும் சேர்த்து மெல்லிய துணியில் கட்டி மேலே தட்டினார். நாக்கில் பட்டதும் முதலில் இனிப்பு, பிறகு பட்டை, அப்புறம் கொய்யா என்று ஒன்றன்பின் ஒன்றாக வந்தது. நுரை சீக்கிரம் தண்ணீர் விட்டு அமுங்காமலிருக்க ஜாஸ்மின் நாலு சொட்டு எலுமிச்சைச் சாறு விடச் சொன்னாள். வெள்ளை நிறம் போக என்ன செய்வதென்று தெரியாமல் ஒரு வாரம் போயிற்று. ஒருநாள் பால்கோவா கிண்டிக்கொண்டிருந்தவர், பால் தானாகத்தானே சிவக்கிறது என்று பாதியில் நிறுத்தினார். அன்றைக்கு நுரையின் மேல் ஒரு தேக்கரண்டி பால்பொடியைத் தூவினார். உச்சியில் பொன்னிறம் வந்தது. அவர் ஸ்டோருக்கு ஓடிப்போய்ப் புத்தகத்தைக் கொண்டுவந்து பக்கத்தில் வைத்துப் பார்த்தார். படத்தில் இருப்பது இன்னும் அழகுதான். இருந்தாலும் இரண்டும் ஒரே சாதி என்று யாரும் சொல்லிவிடலாம்.

ஜாஸ்மின் தன் பங்குக்கு ஒன்று செய்தாள். அவர் சாப்பிடும் முன்னும், சாப்பிட்டு இரண்டு மணி நேரம் கழித்தும் விரலில் குத்தி மெஷினில் பார்த்தாள். டாக்டர் எழுதிக் கொடுத்த மாத்திரை வேலை செய்யத் தொடங்கியிருந்த நாட்கள் அவை. நூற்று நாற்பத்தாறு என்றிருந்தது, ஒரு கிண்ணம் சாப்பிட்ட பிறகு நூற்று அறுபத்தெட்டில் நின்றது. அவர் தன் விரலைத் தானே அதிசயமாகப் பார்த்தார். அத்தோடு நின்றிருக்கலாம். மறுநாள் அவளிடம் சொல்லாமல் சப்போட்டாவில் செய்து இரண்டு கிண்ணம் சாப்பிட்டுவிட்டு, கையை நீட்டிக்கொண்டு போனார். மெஷின் இருநூற்று நாற்பதைத் தாண்டிக் காட்டியது.

"இன்னா துன்னீங்க?"

"சப்போட்டா. பழம்தானே, எவ்வளவுதான் ஏறும்னு பாப்பமேன்னு."

ஜாஸ்மின் அவரை முறைத்தாள். "டம்ளர வச்சு டெஸ்ட் பண்ணுங்க, கேள்வி கேக்க மாட்டேன். உங்க ரத்தத்த வச்சுப் பண்ணீங்கன்னா இந்த மெஷின பூட்டி வச்சிடுவேன்."

அவர் தலையை ஆட்டினார். ஆனாலும் போகும்போது வாசலில் நின்று, "அப்ப அன்னாசி?" என்று கேட்டுவிட்டுத்தான் போனார்.

பரிசோதனையில் சர்க்கரை இருப்பதாகத் தெரிந்தவர்கள் அவரோடு சேர்த்து முப்பத்தொரு பேர். பெயர்களை ஜாஸ்மின் சொல்லவில்லை, எண்ணிக்கையை மட்டும் சொன்னாள். அடுத்த மாதம் முதல் வெள்ளிக்கிழமை, மற்றவர்களுக்குப் பாயசத்தை வைத்துவிட்டு, நான்காவது கவுண்டரில் முப்பது கிண்ணங்களை வரிசையாக அடுக்கினார் வானமாமலை. ஆபீஸ் பையனைப் பிடித்து அட்டையில் எழுதி வாங்கி மேலே மாட்டினார். 'சர்க்கரை சேர்க்காத பழ இனிப்பு. சுகர் உள்ளவர்களுக்கு மட்டும்.'

முதல் ஷிப்ட் வந்தது. நான்காவது கவுண்டரில் ஒருவரும் நிற்கவில்லை. அவர் கரண்டியோடு நின்றார். டிஸ்பாட்ச்சில் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டும் உயரமான ஆள் ஒருவன் தட்டோடு இரண்டு தடவை அந்தப் பக்கம் வந்தான். அட்டையைப் படித்தான். தண்ணீர் பிடிக்க வந்தவன் போல டிரம் அருகே நின்றுவிட்டுத் திரும்பிப் போனான். இரண்டாம் ஷிப்டிலும் அதேதான். மாலையில் கிண்ணங்கள் எல்லாம் அமுங்கித் தண்ணீர் விட்டுக் கிடந்தன. பாத்திரம் கழுவுபவர்கள் ஆளுக்கொன்று எடுத்துக்கொண்டார்கள்.

"ஒருத்தனுக்கும் ஆசை இல்லையா? இல்ல என் கை மேல நம்பிக்கை இல்லையா?" என்றார்.

மாரி முருங்கைக்கீரையை உருவிக்கொண்டே சொன்னாள். "மாஸ்டரு, உனுக்கு அடுப்புல கீறது தெரியும், வெளியில கீறது தெரியாது. எல்லாம் கல்யாணம் ஆவாத பசங்க. இவனுக்கு சுகரு கீதுன்னு லைன் பூரா தெரிஞ்சா எவன் பொண்ணு குடுப்பான்? பாதி பேரு கான்ட்ராக்ட்டு. பர்மனென்ட் பண்றப்ப பேர அடிச்சுட்டா இன்னா பண்றதுன்னு பயம் இருக்கும்ல. நீ பாட்டுக்கு போர்டு மாட்டிக்கினு நிக்கிற."

ஜாஸ்மினிடம் கேட்டார். முப்பத்தொரு பேரில் ஒன்பது பேர் முப்பது வயதுக்குள் என்றாள் அவள். அவர் நேராக நான்காவது கவுண்டருக்குப் போனார். அட்டையைக் கழற்றி இரண்டாகக் கிழித்து அடுப்பில் போட்டார்.

அடுத்த மாதம் கேன்டீனில் பாயசம் இல்லை. காலை ஒன்பது மணிக்கே அவரும் மாரியும் இன்னும் இரண்டு பேரும் முட்டை உடைக்கத் தொடங்கினார்கள். ஒவ்வொரு ஷிப்டுக்கும் பெரிய தட்டு இரண்டிரண்டாக மூன்று தடவை அடுப்புக்குள் போனது. முன்னால் வெந்தவை கொஞ்சம் அமுங்கின. அமுங்கட்டும் என்று விட்டுவிட்டார். சதுரம் சதுரமாக வெட்டி, எல்லாத் தட்டிலும், சூப்பர்வைசர் முதல் பெருக்குகிறவர் வரை, ஒவ்வொரு துண்டு வைத்தார்கள். ஒரு கவுண்டரிலும் ஒரு எழுத்தும் இல்லை.

"பாயசம் எங்கண்ணா?"

"இந்த மாசம் இதான்."

"இன்னாது இது, ஆம்லெட்டா?"

"துன்னு பாரு" என்றாள் மாரி.

செல்வலட்சுமி என்ற சங்கரன்கோவில் பெண், லைனில் வேலை பார்ப்பவள், பாதி தின்றுவிட்டு எழுந்து வந்தாள். "இதுக்குப் பேரு என்ன மாஸ்டர்?"

அவர் திணறினார். இரண்டு மாதமாகச் செய்கிறார், பெயர் வைக்க வேண்டும் என்று தோன்றியதே இல்லை. "கொய்யாப்பழம்" என்றார். அவள் சிரித்துவிட்டுப் போனாள். மாலைக்குள் லைனில் அதற்கு நுரைக் கேக் என்று பெயர் விழுந்திருந்தது.

அவர் சாப்பாட்டுக் கூடத்தில் நிற்கவில்லை. கழுவுமிடத்தில் போய் நின்றுகொண்டு, திரும்பி வரும் தட்டுகளைப் பார்த்தார். சிலர் நுரையைத் தின்றுவிட்டுப் பழத்தை ஒதுக்கியிருந்தார்கள். சிலர் ஒரு வாயோடு வைத்துவிட்டிருந்தார்கள். பாயசம் இல்லாத கோபம் சில தட்டுகளில் அப்படியே முழுத் துண்டாக வந்தது. ஆனால் பெரும்பாலான தட்டுகளில் துண்டு இருந்த இடம் காலியாக இருந்தது. அதில் எந்தத் தட்டு அந்த முப்பது பேருடையது என்று அவருக்குத் தெரியாது. எல்லாத் தட்டையும் ஒரே மாதிரி பார்த்தார்.

ஷிப்ட் விட்டு பஸ்கள் கிளம்பும் நேரம். கேன்டீன் பின்வாசலில் அந்த உயரமான டிஸ்பாட்ச் ஆள் வந்து நின்றான். பெயர் காசிராஜன், ஊர் கோவில்பட்டிப் பக்கம்.

"அண்ணாச்சி, அதுல சீனி கிடையாதுல்லா?"

வானமாமலை கையிலிருந்த சட்டியைக் கீழே வைத்தார். "எப்படிச் சொல்லுத?"

"சீனி தின்னா எனக்குத் தொண்டை வறண்டுரும். ரெண்டு மணி நேரத்துல நாலு சொம்பு தண்ணி குடிப்பேன். இன்னைக்கு ஒண்ணும் ஆகல." அவன் பின்னால் திரும்பிப் பார்த்துக்கொண்டான். "எனக்கு ஒன்றரை வருஷமா இருக்கு. வீட்டுக்கும் தெரியாது, ரூம்ல இருக்க பயலுவளுக்கும் தெரியாது. நீங்களும் யார்ட்டயும் சொல்லிராதீங்க."

"எனக்கும் இருக்குடே" என்றார் அவர். "நான் யார்ட்ட சொல்லப் போறேன்?"

காசிராஜன் வாசலை விட்டு உள்ளே வந்தான். பிறகு, "அத ரூம்ல செய்ய முடியுமா? எங்ககிட்ட ஒத்தை பர்னர் கேஸ் அடுப்புதான் இருக்கு" என்றான்.

மின்சார அடுப்பு இல்லாமல், மேலும் கீழும் ஒரே சூடு எப்படிக் கொடுப்பது? அடுப்பு கீழேயிருந்துதான் எரியும். அடி வேகும், தலை வேகாது. மூடி போட்டால் ஆவி இறங்கும், நுரை நனையும். வானமாமலை சட்டியைக் கவிழ்த்து அதன் மேலேயே உட்கார்ந்துவிட்டார். "மணலு" என்றார். "கடலை வறுக்கோம்லா, அது மாதிரி. கனமான சட்டியில மணலப் போட்டுச் சூடாக்கி, நடுவுல கிண்ணத்த வச்சு மூடுனா? ஆனா மூடிக்கு மேல தணலும் வேணுமே. உங்க ரூம்ல கரி கிடைக்குமாடே?"

"மணல் கிடைக்கும் அண்ணாச்சி. பக்கத்துல வீடு கட்டுதாவ."

"கரி நான் கொண்டாரேன். ஞாயித்துக்கிழம வாரேன்."

ஞாயிறு மதியம், தோளில் இரும்புச் சட்டியும் பையில் கரியும் முட்டையுமாக அவர் ஸ்ரீபெரும்புதூர் தேரடிக்குப் பின்னால் இருந்த அந்த மாடியறைக்கு ஏறினார். அறையில் இன்னும் இரண்டு பேர், முப்பிடாதியும் மணிகண்டபிரபுவும், இருவரும் வேறு வேறு கம்பெனி. லுங்கியோடு படுத்திருந்தவர்கள் எழுந்து உட்கார்ந்தார்கள். மொட்டை மாடிக்குக் கேஸ் அடுப்பைக் கொண்டுபோய் வைத்து, மணலைச் சலித்தார்கள். சட்டி சூடாக அரை மணி ஆயிற்று. கிண்ணத்தை இறக்கி, மேலே தட்டு மூடி, அதன்மேல் நாலு தணலை வைத்தார் வானமாமலை. கண்ணாடிக் கதவு கிடையாது. உள்ளே என்ன நடக்கிறது என்று பார்க்க முடியாதது அவருக்குப் பெரிய அவஸ்தையாக இருந்தது. காதை வைத்துக்கூடக் கேட்டார்.

காசிராஜன் காகிதத்தில் மாத்திரைகளைப் போட்டு டம்ளர் அடியால் பொடித்துக்கொண்டிருந்தான்.

"அது என்ன மாத்திரைடே?" என்றான் முப்பிடாதி.

காசிராஜன் கை நின்றது. வானமாமலை மூடியையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"இது சீனிக்குப் பதில் போடுறது" என்றான் காசிராஜன். "எனக்குச் சுகர் இருக்குடே. ஒன்றரை வருஷம் ஆச்சு."

மணிகண்டபிரபு மணலைக் கையால் அளைந்துகொண்டிருந்தான். "அதான் டீக்கடைல எனக்குச் சீனி கம்மின்னு தினமும் சொல்லுதியா? நான் கஞ்சத்தனம்னுல்லா நெனச்சேன்."

"கஞ்சத்தனத்துல எங்க சீனி கம்மியாவும்? காசு ஒண்ணுதான்" என்றான் முப்பிடாதி. பிறகு, "டாக்டர் குடுத்த மாத்திரை திங்கியா ஒழுங்கா?" என்று கேட்டான்.

"சில நாள் விட்டுருவேன். நீங்க பாத்துருவியளோன்னு."

"சரி, இனி எங்க முன்னாலயே தின்னு" என்றான் முப்பிடாதி.

நேரம் ஆயிற்று என்று வானமாமலை சொன்னார். துணியைப் பிடித்துத் தணலோடு தட்டைத் தூக்கினார். நால்வரும் குனிந்தார்கள். மேல்பக்கம் உயர்ந்திருந்தது, ஒரு பக்கமாகச் சாய்ந்து. நிறம்கூட வந்திருந்தது. அடியில் கரண்டியைவிட்டுப் பார்த்தபோது கொய்யா ஒரு விரல் கனத்துக்குக் கருகி ஒட்டிக்கொண்டிருந்தது.

"கீழ மணல் பத்தல" என்றார் அவர். "இல்லன்னா ஒரு ஓட்டுத் துண்டக் கிண்ணத்துக்கு அடியில வச்சிருக்கணும். இல்ல, அடுப்பக் கொஞ்சம் முன்னாடியே அணைச்சிருக்கணும். எதுன்னு தெரியலையே."

காசிராஜன் பொடியைத் தூவினான். கருகாத பாகமாகப் பார்த்து நால்வரும் கிண்ணத்திலிருந்தே எடுத்துத் தின்றார்கள். முப்பிடாதி இரண்டாவது கரண்டிக்குக் கை நீட்டினான். வானமாமலை ஏற்கெனவே எழுந்து, பக்கத்து மனையில் கிடந்த ஓடுகளை எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"முட்டை இன்னும் அஞ்சு மிச்சம் இருக்கு" என்றார். "மணலக் கொட்டுங்கடே, இன்னொண்ணு வச்சுப் பாத்துருவோம்."